தோவன்னாவில் ஒரு பெயர்

கியூபெக் சட்டப்படி பிள்ளை பிறந்து முப்பது நாளுக்குள் பெயரைப் பதிய வேண்டும். யாழ்ப்பாண வழக்கப்படி முப்பத்தோராம் நாள்தான் பெயர் வைப்பது. மூத்தவள் ரக்ஷனாவுக்கும் இரண்டாமவள் கோபிகாவுக்கும் இந்த ஒரு நாள் வித்தியாசம் பிரச்சினையாக இருக்கவில்லை. பெயரை முதலே பதிந்துவிட்டு, முப்பத்தோராம் நாள் காதில் சொன்னார்கள். மூன்றாவது பிள்ளைக்குத்தான் முப்பது நாளும் தேவைப்பட்டது.

பிள்ளை 2005 மார்ச்சில் பிறந்தது. பெண். சிசேரியன். விசாக நட்சத்திரம், நான்காம் பாதம். டொலார்ட்-டெஸ்-ஓர்மோ முருகன் கோயில் ஐயர் டெலிபோனில் பஞ்சாங்கத்தைப் புரட்டிப் பார்த்து, "தோவன்னாவிலை வையுங்கோ" என்றார்.

"தோவன்னாவிலை பெட்டைப் பிள்ளைக்கு என்ன பேர் இருக்கு, ஐயா?" என்று கிருபானந்தன் கேட்டான்.

"தோத்திரம் இருக்கு. தோரணம் இருக்கு. பேரை நீங்கள்தான் பாக்கவேணும்."

இரண்டு நாள் பார்த்தார்கள். ஒன்றும் அகப்படவில்லை. மூன்றாம் நாள் வேலைக்குப் போகும்போது கிருபானந்தன் கடை வாசலில் பெயர்ப்பலகையை நிமிர்ந்து பார்த்தான். பதினொரு வருடமாக அதன் கீழால்தான் உள்ளே போய் வருகிறான். பலகையில் பெரிதாக ஒரு சீன எழுத்து, அதன் கீழ் ஆங்கிலத்தில் நான்கு எழுத்து. தோமே.

அது ஒரு ஜப்பானியச் சாப்பாட்டுக்கடை. கிருபானந்தன் கோப்பை கழுவ என்று சேர்ந்து, சோறு அவிக்கப் பழகி, இப்போது மீன் வெட்டுகிறான். முதலாளியும் தலைமைச் சமையல்காரரும் இசோபே. வயது அறுபதுக்கு மேல். எல்லோரும் அவரைச் சீஃப் என்பார்கள். சேர்ந்த புதிதில், தோமே என்றால் என்ன என்று கிருபானந்தன் அவரிடம் கேட்டிருக்கிறான். "என் அம்மாவின் பெயர்" என்றார். மேற்கொண்டு கேட்கவில்லை.

அன்று வீட்டுக்கு வந்ததும் மனைவி இந்திராதேவியிடம் சொன்னான்.

"தோமே. என்ன சொல்லுறீர்?"

இந்திரா பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தாள். "தோமே," என்று மெதுவாகச் சொல்லிப் பார்த்தாள். "நல்லாத்தான் இருக்கு. என்ன அர்த்தம்?"

"சீஃபின்ர அம்மாவின்ர பேர்."

"அது சரி, அர்த்தம்?"

"அம்மாவின்ர பேரெல்லே. கூடாத அர்த்தமாவே இருக்கப்போகுது?"

எண் பார்த்தான். ஆங்கில எழுத்துக்கு டி நாலு, ஓ ஏழு, எம் நாலு, ஈ ஐந்து. கூட்டினால் இருபது. இருபது சரியில்லை. கடைசியில் ஒரு வை சேர்த்தான். இருபத்தொன்று. இருபத்தொன்று மிக நல்லது என்று அவனிடம் இருந்த எண் சாத்திரப் புத்தகம் சொன்னது. பிரெஞ்சுக்காரருக்கும் வாய் நோகாது. பிள்ளையை நிறுக்க வீட்டுக்கு வந்த தாதி தடுமாறாமல் வாசித்தாள்.

ரக்ஷனாவுக்குப் பத்து வயது. அவள்தான் சிரித்தாள். "அப்பா, அந்த வையை எடுத்தால் பிரெஞ்சிலை தோம். தோம் எண்டால் புத்தகத்தின்ர பாகம். முதலாம் பாகம், ரெண்டாம் பாகம்." தன்னையும் தங்கையையும் தொட்டிலையும் சுட்டினாள். "இவ தோம் துருவா. மூண்டாம் பாகம்."

"அதுக்குத்தான் வை போட்டிருக்கிறன்," என்றான் கிருபானந்தன்.

ரொறொன்ரோவிலிருந்து அக்கா சிவநேசம் டெலிபோன் எடுத்தாள். "சப்பான் பேரோ? உனக்கென்ன விசரோ, தம்பி? சரி, பெட்டைக்குத்தானே. பொடியன் பிறக்கேக்கை நல்ல முருகன் பேரா வைப்பம்."

கிருபானந்தன் "ம்" என்றான். டெலிபோன் ஒலிபெருக்கியைத் திறந்துவிட்டிருந்தான். இந்திராவும் கேட்டாள்.

பிறப்புப் பதிவுப் படிவத்தைக் கறுப்புப் பேனாவால் நிரப்பினான். ஒரு கட்டத்துக்கு ஓர் எழுத்து. சாட்சி ஒருவர் கையெழுத்துப் போட வேண்டும். மேல்மாடியில் இருக்கும் திரேசம்மா ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்து போடுவதாகச் சொன்னாள். படிவம் குளிர்சாதனப் பெட்டிக் கதவில் காந்தத்தின் கீழ் இருந்தது. இந்திரா பிள்ளையைத் தோமே என்று கூப்பிடத் தொடங்கியிருந்தாள்.

இருபத்தாறாம் நாள், மத்தியானச் சனம் போன பிறகு, கிருபானந்தன் இசோபேயிடம் சொன்னான். அவர் சந்தோசப்படுவார் என்று நினைத்துத்தான் அவ்வளவு நாளும் வைத்திருந்தான். இருவரும் பேசுவது பாதி பிரெஞ்சும் பாதி ஆங்கிலமும். இருவருக்கும் இரண்டும் பாதிதான்.

"பிள்ளைக்கு உங்கள் அம்மாவின் பெயரை வைக்கிறேன், சீஃப்."

இசோபே கத்தியைத் துணியில் துடைத்தார். துடைத்த கத்தியை மறுபடியும் துடைத்தார்.

"உனக்கு எத்தனை பெண்?"

"இதோடு மூன்று."

"பையன்?"

"இல்லை."

"இனிப் பிள்ளை வேண்டாம் என்று முடிவா?"

"அப்படி ஒன்றும் யோசிக்கவில்லை."

"அப்படியென்றால் ஏன் தோமே?"

கிருபானந்தனுக்கு விளங்கவில்லை. இசோபே அவனுடைய முகத்தைப் பார்த்தார். அவனுக்குத் தெரியாது என்பது அவருக்கு அப்போதுதான் விளங்கியது. கத்தியைக் கீழே வைத்தார்.

"தோமே என்றால் நிறுத்து," என்றார். "பெண்ணாகவே பிறந்துகொண்டிருந்தால், கடைசியாகப் பிறந்தவளுக்கு அந்தப் பெயரை வைப்பார்கள். போதும், இனிப் பெண் அனுப்பாதே என்று கடவுளுக்குச் சொல்வது. ஸுயே என்றும் ஒரு பெயர் இருக்கிறது. ஸுயே என்றால் கடைசி. என் அம்மா ஐந்தாவது பெண்."

"நின்றதா?"

"இல்லை. அவளுக்குப் பிறகும் இரண்டு பெண். அதன் பிறகுதான் பையன்."

கிருபானந்தன் சிரிக்கப் பார்த்தான். இசோபே சிரிக்கவில்லை. அவனும் விட்டுவிட்டான்.

அவர் நின்றபடியே சொன்னார். அம்மா பிறந்தது 1922இல், நிகாதாவில், ஒரு நெல் விவசாயி வீட்டில். பதின்மூன்று வயதில் நூல் ஆலைக்கு வேலைக்குப் போனாள். அங்கே பெண்கள் தங்கும் கூடத்தில் நான்கு தோமே இருந்தார்கள். நான்கு பேரும் நான்கு மாகாணத்தவர்கள். ஒருத்தியின் கதையும் மற்றவளுடைய கதைக்கு வித்தியாசமில்லை. மேற்பார்வைக்காரி எண் போட்டுக் கூப்பிட்டாள். யுத்தம் முடிந்து பங்கீட்டு அட்டை புதிதாக எழுதியபோது அம்மா ஓர் எழுத்தை மாற்றித் தோமி என்று கொடுத்தாள். தோமி என்றால் செல்வம். அதன் பிறகு யார் பழைய பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாலும் திரும்பிப் பார்க்க மாட்டாள்.

"இப்போது ஜப்பானில் எந்தப் பிள்ளைக்கும் இந்தப் பெயர் இல்லை," என்றார். "கிழவிகளுக்கு மட்டும் இருக்கிறது."

"பிறகு ஏன் கடைக்கு வைத்தீர்கள்?"

"கடைக்கு நல்ல பெயர். தெருவில் போகிறவன் நிற்க வேண்டும். நின்றால்தானே உள்ளே வருவான்." கத்தியை எடுத்தார். "கடைக்கு நல்லது. பெண்ணுக்குக் கூடாது."

வேலை முடிந்து கிருபானந்தன் மெட்ரோவில் வந்தான். பாரிஜாதம் என்று ஒரு மாணவி ஞாபகத்துக்கு வந்தாள். மதுரைப் பக்கத்துப் பெண், பல்கலைக்கழகத்தில் படித்துக்கொண்டு வார இறுதியில் கடையில் சாப்பாடு பரிமாறியவள். தன் பெரியம்மாவின் பெயர் போதும்பொண்ணு என்று ஒருநாள் சொன்னாள். "நிஜமாவா சொல்றீங்க?" என்று அவளைப் போலவே இழுத்துக் கேட்டு, அன்றைக்கு அவன் வயிறு நோகச் சிரித்தான்.

இந்திராவிடம் எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. மூன்றாவதும் பெண் என்றபோது அவனுக்கு எப்படி இருந்தது என்று அவள் கேட்டதில்லை. அவனும் சொன்னதில்லை. இப்போது பெயரின் அர்த்தத்தைச் சொன்னால் கேட்காத கேள்விக்கு அதுதான் பதில் என்று நினைப்பாள். தெரியாமல் வைத்தேன் என்றால் யார் நம்புவார்கள்? பதினொரு வருடம் அந்தக் கடையில் வேலை செய்கிறான்.

ஆகவே அவன் பொய் சொன்னான்.

"இந்திரா, அந்தப் பேர் வேண்டாம். எண் சரியில்லை."

இந்திரா படிவத்தைக் கதவிலிருந்து எடுத்தாள். விரலை மடக்கிக் கூட்டினாள். "நாலும் ஏழும் பதினொண்டு. நாலு, பதினைஞ்சு. அஞ்சு, இருவது. ஒண்டு. இருவத்தொண்டு சரியாத்தானே இருக்கு."

"பிறந்த திகதியோட பொருந்தேல்லை."

"போன கிழமை பொருந்தினது?"

"வேறை புத்தகத்திலை பாத்தனான்."

"என்ன புத்தகம்?"

கிருபானந்தன் சப்பாத்தைக் கழற்றிக்கொண்டிருந்தான். மற்றச் சப்பாத்தைக் கழற்றவில்லை.

"இஞ்சருங்கோ," என்றாள் இந்திரா. "உங்களுக்குப் பொய் சொல்லத் தெரியாது. என்னெண்டு சொல்லுங்கோ."

சொன்னான். நிறுத்து என்பதைச் சொன்னான். போதும் என்பதையும் சொன்னான். ஐந்தாவது பெண், நான்கு தோமே, பங்கீட்டு அட்டை, எல்லாம் சொன்னான். பிள்ளைகள் இருவரும் அடுத்த அறையில் தொலைக்காட்சி பார்த்தார்கள்.

இந்திரா கதிரையில் இருந்தாள். முகம் வெளுத்திருந்தது. அவன் எதிர்பார்த்தது கோபம். இது வேறு மாதிரி இருந்தது.

"எப்ப தெரியும் உங்களுக்கு?"

"இண்டைக்கு மத்தியானம். சத்தியமா."

"ஆசுப்பத்திரியிலையும் நீங்கள் போதும் எண்டு சொன்னனீங்கள்."

"எப்ப?"

"பிள்ளையைக் கொண்டுவந்து காட்டேக்கை. பெட்டை எண்டு தாதி சொன்னாள். நீங்கள் என்ர தலையிலை கையை வைச்சு, போதும், இனிப் படுத்திரும் எண்டனீங்கள்."

கிருபானந்தனுக்கு அது ஞாபகமில்லை. "உம்மட நோவைச் சொல்லியிருப்பன். அவ்வளவு நேரமும் கஷ்டப்பட்டனீர், போதும் எண்டு. வேறை என்னத்தைச் சொல்லப்போறன்?"

"எனக்கெப்பிடித் தெரியும்?"

"எனக்குப் பொடியன் ஆசை இருந்தது," என்றான். "இல்லை எண்டு சொல்லமாட்டன். ஆனால் அதை இவளின்ர பேரிலை எழுதிற ஆள் நான் இல்லை."

இந்திரா பிள்ளையைத் தூக்கிக்கொண்டு அறைக்குள் போனாள். படிவம் மேசையில் கிடந்தது. அடுத்த இரண்டு நாளும் அவள் பிள்ளையை எந்தப் பெயராலும் கூப்பிடவில்லை. கிருபானந்தன் ஒருமுறை, "தோமி எண்டு மாத்துவமே? ஒரு எழுத்துத்தான்," என்று கேட்டான். கூட்டினால் பதினாறு வந்தது. பதினாறு ஆகாது. பதில் வராததால் அதை அவன் சொல்லத் தேவை ஏற்படவில்லை.

ஞாயிற்றுக்கிழமை இருபத்தொன்பதாம் நாள். திரேசம்மா பூசை முடிந்து பேனாவோடு வந்தாள். இந்திரா பிள்ளையைப் போர்வையில் சுற்றிக்கொண்டு, ரக்ஷனாவுக்கும் சப்பாத்துப் போடச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

"எங்கை போறாய், பிள்ளை? துடக்கு இன்னும் கழியேல்லை. பச்சை உடம்பு."

"ஒராளிட்டை ஒண்டு கேக்கவேணும், அன்ரி. பின்னேரம் வாறன். பேந்து கையெழுத்துப் போடுங்கோ."

"என்னைக் கேட்டால் போதாதோ?"

"உங்களுக்குச் சப்பான் தெரியுமோ?"

"எனக்குப் பிரெஞ்சே தெரியாது," என்றாள் திரேசம்மா. "போட்டு வா. கோபிகாவை நான் பாக்கிறன். தலையை மூடு."

கிருபானந்தனுக்கு அன்று வேலை. மூன்று மணிக்குச் சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தபோது, ஆளில்லாத கடையில் சுவரோர மேசையில் இந்திரா இருந்தாள். மடியில் பிள்ளை. பக்கத்தில் ரக்ஷனா. எதிரில் இசோபே தேநீர் ஊற்றிக்கொண்டிருந்தார். கிருபானந்தன் கையைக் கழுவிக்கொண்டு வந்து, இந்திரா பார்த்த பார்வையில் சமையலறை வாசலிலேயே நின்றுவிட்டான்.

இந்திரா தமிழில் கேட்டாள். ரக்ஷனா பிரெஞ்சில் சொன்னாள். இசோபே பிரெஞ்சும் கையும் கலந்து பதில் சொன்னார்.

"பலகையிலை இருக்கிற எழுத்துக்கு அர்த்தம் நிறுத்து எண்டுதானோ, கேள்."

இசோபே இல்லை என்று தலையாட்டினார். கடதாசித் துண்டு ஒன்றை எடுத்து எழுதினார். நிறுத்து என்பதற்கு வேறு எழுத்து இருக்கிறது. அவர் பலகைக்கு எடுத்தது இந்த எழுத்து. இதையும் தோமே என்று வாசிக்கலாம். இதற்கு அர்த்தம் வேறு.

"இது றெஸ்த் எண்டு சொல்லுறார்," என்றாள் ரக்ஷனா. "மற்றது அறெத்."

"தமிழிலை சொல்லு."

ரக்ஷனா யோசித்தாள். "அறெத் எண்டால்... நில். றெஸ்த் எண்டால்..." கொஞ்சம் திணறினாள். "அதுவும் நில்தான். போகாமல் நில்."

"அப்ப அவரின்ர அம்மாவுக்கு வைச்சது எந்த நில்?"

ரக்ஷனா கேட்டாள். இசோபே தேநீர்க் கிண்ணத்தை இரண்டு கையாலும் பிடித்தார். பிறகு நிறையச் சொன்னார். ரக்ஷனா இடையிடையே நிறுத்தித் திருப்பிக் கேட்டாள்.

அம்மாவின் பெயர் குடும்பப் பதிவேட்டில் சீன எழுத்தில் இல்லை. அந்தக் காலத்தில் விவசாயிகள் பெண்பிள்ளைக்கு அவ்வளவு மினக்கெட மாட்டார்கள். ஒலியை மட்டும் காட்டும் எழுத்தில் எழுதினார்கள். தோ, மே. அர்த்தம் அதில் கிடையாது. அப்பாக்காரர் எல்லோருக்கும் சொன்னது நிறுத்து என்று. அம்மாவும் சாகும்வரை அப்படித்தான் நம்பினாள். அவளை எரித்த அன்றைக்கு அவளுடைய தங்கை இசோபேயிடம் வேறொன்று சொன்னாள். தோமேக்கு முன் பிறந்த நான்கு பெண்களில் இரண்டு பேர் ஒரு வயதுக்கு முன்னமே செத்துப்போனார்கள். தோமே பிறந்தபோதும் மூச்சு வாங்கியது. பெற்றவள் படுக்கையில் கிடந்து, நில், நில் என்று அந்தச் சொல்லைத்தான் சொன்னாள். புருசன் அதைக் கேட்டுவிட்டுப் போய்ப் பதிந்தான்.

"எது உண்மை எண்டு தனக்குத் தெரியாதாம்," என்றாள் ரக்ஷனா. "தங்கச்சி அப்ப பிறக்கவுமில்லையாம். அவவுக்கும் ஆரோ சொன்னதுதானாம். ஆனால் பலகைக்குத் தான் றெஸ்தைத்தான் எடுத்தவராம்."

கிருபானந்தன் வாசலில் நின்று எல்லாம் கேட்டான். தன்னிடம் கடைக்கு நல்லது என்று மட்டும் சொன்ன மனிதர் இவர்தான்.

இந்திரா பிள்ளையின் போர்வையைச் சரிசெய்தாள். "இன்னொண்டு கேள். நிறுத்து எண்டுதான் வைச்சதெண்டால், நிறுத்தச் சொன்னது ஆர்? அப்பாவோ, அம்மாவோ?"

இசோபேக்கு ரக்ஷனா இரண்டு தரம் சொல்ல வேண்டியிருந்தது. விளங்கியதும் அவர் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டுப் பதில் சொன்னார்.

"அதை ஒருவரும் யோசிக்கவில்லையாம்," என்றாள் ரக்ஷனா. "பதியிற கந்தோருக்குப் போனது அப்பாதானாம். அம்மாவை ஒருத்தரும் கேட்டிருக்கமாட்டினமாம்."

இந்திரா தலையாட்டினாள். "மெர்சி," என்று அவரிடம் நேராகச் சொன்னாள்.

இசோபே கிருபானந்தனைத் திரும்பிப் பார்த்து, வீட்டுக்குப் போ என்று கையால் காட்டினார்.

பஸ்ஸில் ரக்ஷனா முன் இருக்கையில் இருந்தாள். காதில் பாட்டு. வெளியே அழுக்குப் பனி கரைந்து ஓடிக்கொண்டிருந்தது. இந்திரா யன்னலைப் பார்த்தபடி சொன்னாள்.

"நான் நிப்பாட்டிட்டன்."

"என்னத்தை?"

"சிசேரியன் செய்யேக்கையே குழாயைக் கட்டச் சொல்லிக் கையெழுத்துப் போட்டுக் குடுத்தனான். ஏழாம் மாசமே டொக்டரிட்டைக் கதைச்சிட்டன். இஞ்சை புருசன்ர கையெழுத்துத் தேவையில்லை."

கிருபானந்தன் அவளைப் பார்த்தான். அவள் திரும்பவில்லை.

"அப்ப பிள்ளை ஆணோ பெண்ணோ எண்டு தெரியாதே."

"ஓம். என்ன பிள்ளையெண்டாலும் இதோட நிப்பாட்டுறது எண்டுதான் குடுத்தனான். மூண்டு தரம் வெட்டியாச்சு. தையல் மெசினிலை பத்து வருசம் இருந்த இடுப்பு. என்னாலை ஏலாது."

"எனக்கேன் சொல்லேல்லை?"

"உங்களுக்குச் சொன்னால் அக்காவுக்குச் சொல்லுவீங்கள்."

இல்லை என்று அவனால் சொல்ல முடியாது. போன மாதம் டெலிபோனில் அவன் "ம்" என்று சொன்னதை அவள் கேட்டிருந்தாள்.

"வெள்ளிக்கிழமை..." என்று தொடங்கிய இந்திரா தன்னைத் திருத்திக்கொண்டாள். "வியாழக்கிழமை நீங்கள் அந்த அர்த்தத்தைச் சொன்னவுடனை, ஆசுப்பத்திரியிலை ஆரோ உங்களுக்குச் சொல்லிப்போட்டினம் எண்டு நினைச்சன். தெரிஞ்சுகொண்டுதான் பேரை வைக்கிறீங்கள், எனக்குக் குத்திக் காட்டுறதுக்கு எண்டு நினைச்சன். ரெண்டு நாளா நித்திரை இல்லை."

"எனக்கொண்டும் தெரியாது."

"இப்ப தெரியும். உங்களுக்குத் தெரிஞ்சிருந்தால் வாசலிலை அப்பிடி முழிச்சுக்கொண்டு நிக்கமாட்டியள்."

பஸ் ஒரு தரிப்பில் நின்று ஆட்களை ஏற்றியது. கிருபானந்தனுக்குக் கோபம் வந்தது. அது வந்ததும் அவனுக்குத் தெரிந்தது. யார் மேல் என்று பார்த்தான். அவளுடைய உடம்பு, அவள் போட்ட கையெழுத்து. அவனைக் கேட்டிருக்கலாம். கேட்டிருந்தால் அவன் என்ன சொல்லியிருப்பான்? பார்ப்பம் என்றிருப்பான். அடுத்த வருடமும் பார்ப்பம் என்றிருப்பான். அவனுக்கு அது நிச்சயமாகத் தெரிந்தது.

"நோகுதோ இன்னும்?" என்று கேட்டான்.

"குனிஞ்சால் நோகும்."

கொஞ்ச நேரம் கழித்து, "அப்ப பேர்?" என்றான். "சீஃப் சொன்ன மற்ற அர்த்தம் நல்லாத்தானே இருக்கு. போகாதை, நில்."

"வேண்டாம்."

"ஏன்?"

"நிப்பாட்டினது நான். அது என்ர கதை. அவளின்ர நெத்தியிலை ஏன் ஒட்டவேணும்? நாளைக்கு ஒரு சப்பான்காரன் கேப்பான், அவள் அர்த்தம் சொல்லவேணும். ரெண்டு அர்த்தம் எண்டு வகுப்பெடுக்கவேணும்." பிள்ளை அசைந்தது. தோளில் சாய்த்துத் தட்டினாள். "தோகை எண்டு வைப்பம்."

"தோகை?"

"தோவன்னாதானே. ஐயர் சொன்ன அண்டைக்கே நினைச்சனான். நீங்கள் கடைப் பேரோட துள்ளிக்கொண்டு வந்தியள், சரியெண்டு விட்டிட்டன்."

கிருபானந்தன் விரலை மடக்கத் தொடங்கினான். இந்திரா அவன் கையின் மேல் தன் கையை வைத்தாள். "எண்ணாதேங்கோ."

நிரப்பிய படிவத்தில் வெட்டித் திருத்தக்கூடாது. திங்கட்கிழமை, முப்பதாம் நாள், கிருபானந்தன் வேலைக்கு லீவு சொல்லிவிட்டு ஆசுப்பத்திரிக்குப் போய்ப் புதுப் படிவம் கேட்டான். ஏன் என்று கேட்ட பெண்ணிடம், பெயர் பிழைத்துவிட்டது என்றான். அவள் கொடுத்தாள். திரேசம்மா கையெழுத்துப் போட்டாள். "தோகையோ? இது கிறிஸ்தவப் பேரில்லை, ஆனால் வடிவான பேர்," என்றாள். பின்னேரம் மூன்றரைக்கு, பதிவுக் கந்தோர் பூட்ட முன்னம், கையில் கொண்டுபோய்க் கொடுத்து முத்திரை வாங்கினான்.

முப்பத்தோராம் நாள் ஐயர் வந்தார். வீடு முழுவதும் மாவிலையால் தண்ணீர் தெளித்தார். தீ எச்சரிக்கை மணி சாம்பிராணிப் புகைக்கு இரண்டு தரம் கத்தியது. ரக்ஷனா கதிரையில் ஏறிப் பற்றரியைக் கழற்றினாள். சிவநேசம் முதல் நாள் இரவே ரொறொன்ரோவிலிருந்து பஸ் ஏறி வந்திருந்தாள். பிள்ளையை மடியில் வைத்து, வெற்றிலையால் வாயை மறைத்து, காதில் மூன்று தரம் பெயரைச் சொன்னதும் அவள்தான்.

ஐயர் போன பிறகு எல்லோரும் நிலத்தில் இருந்தார்கள். சிவநேசம் பிள்ளையின் கையில் கட்டிய வசம்பு வளையலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"தோகை எண்டால் மயிலின்ர வால் எல்லோ, தம்பி?"

"ஓம், அக்கா."

"வால் எண்டால் கடைசி. விசயத்தோடதான் வைச்சிருக்கிறாய்." சிரித்தாள். "கடைசிப் பெட்டை. அடுத்தது பொடியன்தான். எழுதி வை."

சமையலறையில் இந்திரா வடை பொரித்த சட்டியை இறக்கி வைக்கும் சத்தம் கேட்டது. பிறகு சத்தமில்லை.

"அடுத்தது இல்லை, அக்கா," என்றான் கிருபானந்தன்.

"என்ன?"

"நாங்கள் நிப்பாட்டிட்டம்."

"ஆர் சொன்னது? டொக்டரோ?"

"டொக்டர் இல்லை. நாங்கள்."

"நாங்கள் எண்டால் ஆர்? அவள் சொன்னவளோ?"

"நாங்கள் எண்டால் நாங்கள்தான், அக்கா. ரெண்டு பேரும்."

சிவநேசம் அவனை உற்றுப் பார்த்தாள். அவன் கண்ணை எடுக்கவில்லை. கோபிகா பலகாரத் தட்டிலிருந்து ஒரு முறுக்கை எடுத்துக் கடித்தாள்.

"அம்மாவுக்கு நான் என்னெண்டு சொல்லுவன்?"

"நீங்கள் சொல்லவேண்டாம். நான் பின்னேரம் டெலிபோன் எடுத்துச் சொல்லுறன்."

"உனக்கு முத்திப்போச்சு," என்றாள் சிவநேசம். பிள்ளை சிணுங்கியது. தன்னை அறியாமலே அதைத் தூக்கித் தோளில் போட்டுத் தட்டத் தொடங்கினாள்.

இந்திரா வடைத் தட்டோடு வந்தாள். குனியாமல், மெல்ல முழங்காலை மடித்து இருந்து, தட்டை மச்சாளுக்கு முன்னால் வைத்தாள்.

"சாப்பிடுங்கோ, மச்சாள். ஆறமுதல்."

பிறகு எழுந்து போகாமல் கிருபானந்தனுக்குப் பக்கத்திலேயே இருந்தாள்.